எருக்கத்தம்புலியூர்ப் பெண்



சிதம்பரமாகிய தில்லையில் பூட்டிக் கிடந்த ஓர் அறையின் கதை உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். சோழ அரசன் ஒருவன், தேவார மூவர் பாடிய பதிகங்களில் ஏதோ ஒன்றை யாரோ பாடக் கேட்கிறான். கேட்டவன் உருகிப்போகிறான். மீதியெல்லாம் எங்கே என்று தேடுகிறான். யாருக்கும் தெரியவில்லை. திருநாரையூரில் பொல்லாப் பிள்ளையாரோடு பேசுகிற பிள்ளை ஒருவர் இருக்கிறார், நம்பியாண்டார் நம்பி என்று பேர் என்று கேள்விப்படுகிறான். வாழைப்பழமும் தேனும் அவலும் அப்பமும் எள்ளுருண்டையுமாகச் சுமந்துகொண்டு அங்கே போகிறான். பிள்ளையார் நம்பிக்குச் சொல்ல, நம்பி அரசனுக்குச் சொல்கிறார்: தில்லையில், சபைக்குப் பின்னால் ஓர் அறை இருக்கிறது, அதன் கதவில் மூவருடைய கை அடையாளமும் இருக்கிறது, ஏடுகள் அதற்குள்தான் இருக்கின்றன.

அரசன் தில்லைக்கு வருகிறான். அந்தணர்கள் மறுக்கிறார்கள். பூட்டியவர்கள் மூவர், அந்த மூவரும் வந்தால் திறக்கலாம் என்கிறார்கள். அரசன் சம்பந்தர், அப்பர், சுந்தரர் மூவருடைய திருமேனிகளையும் எழுந்தருளச் செய்து வாசலில் நிறுத்துகிறான். கதவு திறக்கிறது. உள்ளே ஒரு புற்று. கரையான் ஏட்டை மூடியிருக்கிறது. எண்ணெய் வார்த்துப் புற்றைக் கரைத்து எடுத்துப் பார்த்தால், பெரும்பகுதி செல்லரித்துப் போயிருக்கிறது. அரசன் கலங்கி நிற்கும்போது, இந்தக் காலத்துக்கு வேண்டியதை மட்டும் வைத்தோம் என்று ஒரு குரல் எழுகிறது.

சின்ன வயதில் மார்கழி விடியலில் எங்கள் ஊர்க் கோயில் ஓதுவார் இந்தக் கதையைச் சொல்வார். பிரகாரத்தில் பனி சொட்டும். சுண்டலுக்காக வந்த பிள்ளைகள் நாங்கள். கரையான் என்ற இடம் வந்ததும் அழாத குறையாக உட்கார்ந்திருப்போம். ஒரு நாள் அந்த இடத்திலேயே எழுந்து போகப் பார்த்தேன். அவர் கையைப் பிடித்து உட்கார வைத்தார். "ஏடு கெடைச்சாச்சு தம்பி. கெடைச்ச ஏட்ட எப்படிப் பாடுவே?" என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை. "அதுக்கப்புறந்தான்டா கதையே இருக்கு" என்றார்.

இன்று நான் பேச வந்திருப்பது அவர் சொன்ன அந்த 'அதுக்கப்புறம்' பற்றித்தான்.

ஏடுகள் வெளியே வந்துவிட்டன. நம்பி அவற்றை முறைப்படுத்துகிறார். ஆனால் எந்தப் பதிகத்தை எந்தப் பண்ணில், எப்படிப் பாடுவது என்று அரசனுக்கும் தெரியவில்லை, நம்பிக்கும் தெரியவில்லை. பிள்ளையாரோடு பேசும் நம்பிக்கே தெரியவில்லை. இருவரும் மறுபடி இறைவனிடம் முறையிடுகிறார்கள். மறுபடி ஒரு குரல். எருக்கத்தம்புலியூருக்குப் போங்கள், அங்கே திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் பிறந்த ஒரு பெண் இருக்கிறாள், பண் அவளிடம் இருக்கிறது. அவளைத் தில்லைக்கு அழைத்து வருகிறார்கள். அவள் பாடப் பாடப் பண்கள் அமைகின்றன.

இந்தக் கதையைச் சொல்வது திருமுறை கண்ட புராணம். உமாபதி சிவாசாரியர் இயற்றியதாகச் சொல்லப்படும் சின்ன நூல். பாடல்களின் எண்ணிக்கை, பண்களுக்கு எத்தனை எத்தனை கட்டளை என்ற கணக்கு, எல்லாம் அதில் இருக்கிறது. அந்தப் பெண்ணின் பேர் மட்டும் இல்லை. இவ்வளவு கணக்குப் பார்த்த நூல் அவள் பேரைச் சொல்லாமல் போனது எனக்கு இன்றும் வலிக்கிறது.

இது நடந்ததா என்று நீங்கள் கேட்பீர்கள். வரலாறாகப் பார்த்தால் இந்த அறை நிற்காது. மூவர் பாடியவை மொத்தம் 1,03,000 பதிகங்கள் என்கிறது புராணம். சம்பந்தர் 16,000, அப்பர் 49,000, சுந்தரர் 38,000. இன்று நம் கையில் இருப்பவை 800க்குச் சற்றுக் குறைவு. நூற்றில் ஒன்றுகூட இல்லை. ஒருவர் தம் வாழ்நாளில் 49,000 பதிகம் பாடுவதென்றால் ஒரு நாளைக்கு எத்தனை என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். அந்த முழு ஏடு என்றுமே இருந்ததில்லை. அது பக்தியின் ஆசையில் பிறந்த ஏடு. கதை சொல்லும் சோழன் முதலாம் இராசராசன்தான் என்று பொதுவாகச் சொல்கிறோம். ஆனால் அவனுக்கு வெகுமுன்பே, 9ஆம் நூற்றாண்டுப் பல்லவர் காலத்துத் திருவல்லம் கல்வெட்டு, கோயிலில் திருப்பதியம் பாடுவாரைக் குறிப்பிடுகிறது. பாடிக்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள். யாரும் பூட்டி வைக்கவில்லை.

அப்படியானால் இராசராசனுக்குப் பல தலைமுறை கழித்து இந்தக் கதையை ஏன் இப்படிக் கட்டினார்கள்? ஏடு கிடைத்தது, பாடினார்கள், சுபம் என்று முடித்திருக்கலாமே. எதற்காக அரசனை இன்னொரு ஊருக்கு நடக்க வைத்தார்கள்? ஏட்டில் என்ன இருக்கும், என்ன இருக்காது என்பதை நன்றாக அறிந்த ஒருவர்தான் இந்தக் கதையைக் கட்டியிருக்க முடியும் என்று நான் நம்புகிறேன்.

ஒரு பழைய தேவாரச் சுவடியைக் கையில் வாங்கிப் பாருங்கள். பனையோலை, இரண்டு துளை, நடுவே கயிறு. பாட்டு, அடி அடியாகப் பிரிந்து இருக்காது. ஓலையின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை உரைநடை மாதிரி ஓடும். மெய்யெழுத்துக்குப் புள்ளி இருக்காது, எழுத்தாணி ஓலையைக் குத்திக் கிழித்துவிடும் என்பதால். எகரம் ஏகாரம், ஒகரம் ஓகாரம் இவற்றுக்கும் வேறுபாடு காட்டியிருக்காது. 'கல' என்று எழுதியிருந்தால் கல்லா, கலவா என்று வாசிப்பவர்தான் முடிவு செய்ய வேண்டும். ஆக, ஏடு சொல்லைக்கூட முழுதாகச் சொல்வதில்லை. மொழி தெரிந்தவருக்கு நினைவூட்டுகிறது, அவ்வளவுதான். பண்முறையில் தொகுத்த சுவடியாக இருந்தால் மேலே பண்ணின் பேர் இருக்கும். நட்டபாடை என்றோ கொல்லி என்றோ ஒரு சொல். தலமுறையாக இருந்தால் ஊரின் பேர். நட்டபாடை எப்படி இருக்கும் என்று தெரியாதவருக்கு அந்தச் சொல்லால் என்ன பயன்? பூட்டிய அறைக்குள் ஒரு கரையானும் நுழைந்திருக்காவிட்டாலும், 1,03,000 பதிகமும் பொன் போலக் கிடைத்திருந்தாலும், அரசன் எருக்கத்தம்புலியூருக்குப் போய்த்தான் ஆக வேண்டும்.

ஒலியை எழுதிவைக்க யாரும் முயன்றதே இல்லையா என்றால், முயன்றார்கள். அதற்கு நாம் புதுக்கோட்டைப் பக்கம் போக வேண்டும். குடுமியான்மலையில் குடைவரைக் கோயிலை ஒட்டி, பாறையில் பெரிய கல்வெட்டு ஒன்று இருக்கிறது. 7ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பல்லவக் கிரந்த எழுத்து. அதில் அரசன் கொடுத்த நிலமில்லை, வெட்டிய குளமில்லை, வென்ற போரில்லை. வரிவரியாகச் சுரங்கள். நான்கு நான்கு சுரமாகச் சேர்த்த கோவைகள். ஏழு பகுதிகள், ஏழு இராகங்கள். ருத்ராசாரியரின் மாணவராகிய சிவபக்த அரசர் ஒருவர் மாணாக்கர் நலத்துக்காகச் செய்தது என்று முடிவில் சொல்கிறது. அந்த அரசர் மகேந்திரவர்மப் பல்லவன் என்று நெடுங்காலம் எழுதிவந்தார்கள். அதை மறுப்பவர்களும் இருக்கிறார்கள். எனக்கு அந்த வழக்கு முக்கியமில்லை. மாணாக்கருக்காக என்ற அந்தச் சொல்தான் முக்கியம். ஓர் ஆசிரியர் தாம் போன பிறகும் பாடம் நிலைக்க வேண்டும் என்று கல்லைத் தேடிப் போயிருக்கிறார். கரையானுக்கு எட்டாத இடம்.

அந்தக் கல்வெட்டின் ஏழு பகுதிகளின் பேர்களைப் பாருங்கள். சாதாரிதம், பஞ்சமம், கைசிகம் என்ற மூன்று அவற்றில் உண்டு. நம் தேவாரப் பண்களில் சாதாரி, பஞ்சமம், கௌசிகம் இருக்கின்றன. சம்பந்தரும் அப்பரும் வாழ்ந்த அதே நூற்றாண்டு. முதல்முறை அந்தப் பாறை முன்னால் நின்றபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. சம்பந்தரின் குரலே இங்கே செதுக்கப்பட்டிருக்கிறது என்று தோன்றிவிட்டது.

பிறகு வாசிக்க முயன்றேன். ஒவ்வொரு சுரமும் நான்கு உயிரெழுத்துகளோடு வருகிறது. ர, ரி, ரு, ரெ என்பதுபோல. சில எழுத்துகளின் தலையில் புள்ளி இருக்கிறது. அந்த உயிர் மாற்றம் சுருதியின் நுட்பமா, விரல் நரம்பைத் தொடும் விதமா? அந்தப் புள்ளி எதைக் குறிக்கிறது? அறிஞர்கள் நூறு ஆண்டுகளுக்கு மேலாக வாதிடுகிறார்கள். ஒரு முடிவுக்கு வரவில்லை. அதை எழுதியபோது பக்கத்தில் ஆசிரியர் இருந்தார். புள்ளியைக் காட்டி, இப்படி என்று பாடிக்காட்டியிருப்பார். அந்தக் குரல் நின்றுபோனது, புள்ளி மட்டும் இருக்கிறது. எழுத்து அப்படியே இருக்க, ஒலி நம்மை விட்டுப் போன இடம் குடுமியான்மலை. தில்லை அறையின் கதையை அதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அங்கே எழுத்தில் பெரும்பகுதி போனது. ஆனால் பாட ஒருத்தி இருந்தாள்.

அவள் யார் மரபு என்று சொன்னேன். திருநீலகண்ட யாழ்ப்பாணர். பாணர் குலம். மனைவி மதங்கசூளாமணியாரோடு சம்பந்தருடன் ஊர் ஊராகப் போனவர். சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் பெரியபுராணத்தில் அவரைப் பற்றிச் சொல்வதை எல்லாம் ஒருசேர வைத்துப் பார்த்தால் ஒரு படம் கிடைக்கிறது. திருவாரூரில் அவர் கோயில் வாசலுக்கு வெளியே நின்று பாடுகிறார். இறைவன் அவருக்காக வடக்கே வேறொரு வாயில் வகுக்கிறான். மதுரையில், ஈரத்தரையில் இருந்தால் யாழ் நரம்பின் கட்டுத் தளருமே என்று, அவருக்குப் பொற்பலகை இடும்படி இறைவனே சொல்கிறான். சாத்தமங்கையில் பாணருக்கு இரவு தங்க ஓர் இடம் தரும்படி திருநீலநக்கரிடம் சம்பந்தர் தனியாகக் கேட்க வேண்டியிருக்கிறது. திருநீலநக்கர் மகிழ்ந்து வீட்டின் நடுவே, வேள்வி வேதிக்குப் பக்கத்தில் இடம் தருகிறார். வேள்வித்தீ வலமாகச் சுழித்து எழுகிறது. வேறு வாயில், தனிப் பலகை, கேட்டு வாங்க வேண்டிய இடம். பாணர் எங்கே நிறுத்தப்பட்டிருந்தார் என்பதை இந்த அற்புதங்களே காட்டிக்கொடுத்துவிடுகின்றன.

அந்தப் பாணர் வழியில் வந்த ஒரு பெண்ணிடம்தான் தில்லை அறையின் ஏடுகள் வந்து நிற்கின்றன. அரசன், அந்தணர், நம்பி மூவரும் அவள் வாய் திறக்கக் காத்திருக்கிறார்கள். புராணம் எழுதியவர் இதைத் தெரிந்தே எழுதினார் என்றுதான் நினைக்கிறேன். பாட்டின் ஒலி எந்தத் தெருவில் காப்பாற்றப்பட்டது என்பதை அவர் மறைக்கவில்லை.

யாழ்ப்பாணர் கதையில் இன்னும் ஓர் இடம். காரைக்கால் பக்கத்துத் தருமபுரம், பாணரின் தாயார் பிறந்த ஊர். அவருடைய சுற்றத்தார், நீ யாழில் வாசிப்பதால்தானே சம்பந்தப் பிள்ளையின் பாட்டுக்கு இவ்வளவு பேர் என்கிறார்கள். பாணர் துடித்துப்போகிறார். யாழில் அடங்காத ஒரு பதிகம் பாடியருள வேண்டும் என்று சம்பந்தரிடம் விண்ணப்பிக்கிறார். சம்பந்தர் பாடுகிறார். பாணரின் விரல் திகைத்து நின்றுவிடுகிறது. யாழை உடைக்கக் கை ஓங்குகிறார். சம்பந்தர் தடுத்து யாழை வாங்கி, அளவில் அடங்கியதை வாசித்துக்கொண்டிரும் என்று திருப்பித் தருகிறார். அந்தப் பதிகத்தின் பண்ணுக்கே யாழ்மூரி என்று பேர். அப்படிப்பட்ட கருவியும் பிறகு வழக்கொழிந்தது. மட்டக்களப்பு மண்ணில் பிறந்த விபுலானந்த அடிகள் பழைய உரைகளிலிருந்தும் கணக்கிலிருந்தும் அதை மீட்டெடுக்க ஆண்டுக்கணக்கில் உழைத்து, 1947இல் யாழ் நூலை நம் கையில் தந்துவிட்டு அதே ஆண்டில் மறைந்தார். யாழில் அடங்காத அந்தப் பதிகத்தை ஓதுவார்கள் இன்றும் அடாணாவில் பாடுகிறார்கள்.

இராசராசன் எருக்கத்தம்புலியூருக்குப் போனானோ இல்லையோ, அவன் தஞ்சையில் செய்தது கல்லில் இருக்கிறது. பெரிய கோயிலில் திருப்பதியம் விண்ணப்பம் செய்ய 48 பேர். உடுக்கை வாசிக்க ஒருவர், கொட்டி மத்தளம் வாசிக்க ஒருவர். ஆக 50 பேருக்கும் நாள்தோறும் ஆளுக்கு 3 குறுணி நெல். கல்வெட்டு அதோடு நிற்கவில்லை. இவர்களில் ஒருவர் இறந்தாலோ ஊரைவிட்டுப் போனாலோ அவருக்கு அடுத்த உறவினர் அந்த நெல்லைப் பெற்றுப் பாட வேண்டும். உறவினருக்குத் தகுதி இல்லையென்றால் தகுதியுள்ள வேறொருவரைத் தேர்ந்து பாடச் செய்ய வேண்டும் என்கிறது. நான் திரும்பத் திரும்பப் படித்த வரி அது. கோபுரம் எழுப்பியவன், ஒரு பாடகர் இறந்த மறுநாள் யார் பாடுவார் என்று யோசித்திருக்கிறான். பாட்டுக்கு நெல் அளந்தவன், பாடத் தெரிய வேண்டும் என்பதையும் விட்டுக்கொடுக்கவில்லை.

அந்தக் காலத்துக் கொல்லிதான் இன்று நாம் பாடும் கொல்லியா? இதை நேர்மையாகப் பேச வேண்டும். கொல்லியை நவரோசாகப் பாடுகிறோம். தக்கராகத்தைக் காம்போதியாக, பழம்பஞ்சுரத்தைச் சங்கராபரணமாக, கௌசிகத்தைப் பைரவியாக, மேகராகக் குறிஞ்சியை நீலாம்பரியாகப் பாடுகிறோம். ஒரே இராகத்துக்குள் இரண்டு மூன்று பண்கள் வந்து ஒடுங்கியிருக்கின்றன. சாதாரியும் நட்டராகமும் பந்துவராளியாகவே ஒலிக்கின்றன. தனித்தனிப் பேர் வைத்தவர்களுக்குத் தனித்தனி ஒலி கேட்டிருக்கும். அந்த வேறுபாட்டை நாம் எங்கோ தவறவிட்டிருக்கிறோம். சென்னையில் தமிழிசைச் சங்கம் 1949 முதல் பண் ஆராய்ச்சி மாநாடு நடத்திவருகிறது. அங்கே ஓதுவார்களையும் வித்துவான்களையும் ஒன்றாக உட்கார வைத்து, பாடச்சொல்லிக் கேட்டே விவாதிக்கும் மரபு வளர்ந்தது. அதுதான் சரியான வழி என்பது என் எண்ணம். ஏட்டைப் புரட்டித் தீர்க்க முடிகிற கேள்வி இல்லை இது.

மாறியிருக்கிறது என்பதனால் அறுந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். ஓர் ஓதுவார் பாடும் முறையைக் கவனியுங்கள். தாளமில்லாமல், சொல் தெளிவாக, பண்ணின் சாயலோடு நிறுத்தி நிறுத்திப் பாடுவது சுத்தாங்கம். தாளத்தோடு பாடுவது பண்ணாங்கம். பகலில் பாடுவன பகற்பண், இரவில் பாடுவன இராப்பண், எப்போதும் பாடத் தக்கவை பொதுப்பண். விடியற்காலையில் புறநீர்மை. மணி பார்த்துச் சொல்லாமல் பண் பார்த்தே பொழுது சொல்லும் பெரியவர்களை நான் பார்த்திருக்கிறேன். இதெல்லாம் பாடசாலைத் திண்ணையில், ஆசிரியர் ஓரடி சொல்ல, பிள்ளைகள் இரண்டுமுறை சொல்ல, தவறினால் மறுபடி ஓரடி சொல்ல, அப்படி வந்தது. தருமபுரம் சுவாமிநாதன் அவர்களின் ஒலிப்பதிவுகள் இன்று நம் எல்லோர் வீட்டிலும் இருக்கின்றன, பெரும் செல்வம். ஆனால் பிள்ளை தவறாகப் பாடினால் ஒலிப்பதிவு தலையில் குட்டாது. ஆசிரியர் வேண்டும்.

அதனால்தான் கோயிலில் ஓதுவார் இடம் காலியாகக் கிடந்தால் எனக்குத் தாங்கவில்லை. காலசந்திக்கு ஒலிபெருக்கியில் பதிவைப் போட்டுவிட்டுப் போகிற சன்னதிகளைப் பார்க்கிறேன். அங்கெல்லாம் தஞ்சைக் கல்வெட்டின் அந்த வரி நினைவுக்கு வருகிறது. மறுநாள் யார் பாடுவார்? இப்போது சில கோயில்களில் பெண் ஓதுவார்களை நியமித்திருக்கிறார்கள். அவர்கள் சன்னதியில் நின்று முதல் பதிகம் எடுப்பதைக் கேட்கும்போதெல்லாம் பேர் தெரியாத அந்தப் பெண்ணை நினைத்துக்கொள்கிறேன்.

எருக்கத்தம்புலியூர் இன்றைக்கு இராசேந்திரப்பட்டினம் என்ற பேரில், விருத்தாசலத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. தில்லைக்குப் போகிறவர்கள் ஒருமுறை அங்கேயும் போய் வாருங்கள். அங்கே பூட்டிய அறை எதுவும் இல்லை.

முன்வரிசையில் இருக்கும் இந்தத் தேவாரப் பாடசாலைப் பிள்ளைகளில் மூவர், தருமபுரப் பதிகத்தைப் பாடமாக்கியிருக்கிறார்கள் என்று அவர்களின் ஆசிரியர் காலையில் சொன்னார். யாழ்மூரி. பக்கவாத்தியம் எதுவும் வேண்டாம், கைத்தாளம் மட்டும் போதும் என்று கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஒலிவாங்கியைக் கொஞ்சம் தாழ்த்தி வையுங்கள், ஐயா, பிள்ளைகள் உயரத்துக்கு. அம்மா, நீ நடுவில் நில். மூச்சு வாங்கிக்கொண்டு, அவசரப்படாமல் எடு.